ஜகாத்துக்குத் தமிழில் என்ன சொல்?

போன நோன்பில் ஒரு நாள் அஸர் என்கிற மாலைத் தொழுகைக்கு அப்புறம் மேலப்பாளையத்தில் எங்கள் பள்ளிவாசல் முன்னால் கஞ்சி வாங்க நின்றுகொண்டிருந்தேன். சேரன்மகாதேவிப் பக்கம் வயல் வைத்திருக்கிற அண்ணாச்சி ஒருவரும் தூக்குவாளியோடு நின்றார், எங்கள் வீட்டுக்கு வருசா வருசம் அரிசி போடுகிறவர். சுவரில் ஒட்டியிருந்த நோட்டீசைப் படித்துவிட்டு, "பாய், ஜகாத்துன்னா தர்மந்தானே, அதுக்கு எதுக்குக் கணக்கு, சதவீதம் எல்லாம்?" என்று கேட்டார். "தர்மம் இல்லை அண்ணாச்சி, ஏழை வரி" என்றேன். "வரின்னா யாருக்குக் கட்டணும், சர்க்காருக்கா?" என்றார். இல்லை என்றேன். "அப்போ அது எப்படி வரி?"

அவர் கேட்டது நியாயமான கேள்வி. ஜகாத் என்பது வசதியுள்ள முஸ்லிம் தன் பொருளைக் கணக்குப் பார்த்து, அதில் ஒரு பகுதியை உரியவர்களுக்குக் கொடுத்தே ஆகவேண்டிய கடமை. நாம் எத்தனையோ வருசமாக "ஏழை வரி" என்று எழுதிக்கொண்டிருக்கிறோம், அந்தச் சொல் பொருந்துகிறதா என்று யாரும் உட்கார்ந்து பார்க்கவில்லை.

இன்னொன்றும் அன்றைக்குத்தான் உறைத்தது. இஸ்லாத்தின் ஐந்து கடமைகளில் 'ஸலாத்'தை நாம் தொழுகை என்கிறோம், 'ஸவ்ம்' நமக்கு நோன்பு. வடக்கே உருது பேசுகிறவர்கள் இந்த இரண்டுக்கும் பாரசீகத்திலிருந்து நமாஸ், ரோஜா என்று எடுத்துக்கொண்டார்கள். நம் முன்னோர் மட்டும் ஏற்கெனவே தமிழில் புழங்கிய சொல்லை எடுத்து அதிலேயே புது அர்த்தத்தை வைத்தார்கள். மஸ்ஜித் கூட நமக்குப் பள்ளிவாசல்தான். இவ்வளவு செய்தவர்கள் ஜகாத்தை மட்டும் ஏன் அரபியிலேயே விட்டார்கள்? வணங்குவதும் பட்டினி இருப்பதும் இந்த மண்ணில் எல்லாருக்கும் தெரிந்தவை. ஜகாத்துக்கு ஈடான ஒன்று கண்ணில் படாததால்தான் அரபிச் சொல்லையே வைத்துக்கொண்டிருப்பார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது.

உச்சரிப்பை முதலில் முடித்துவிடலாம். அரபியில் அதன் முதல் எழுத்தின் ஒலி தமிழில் கிடையாது. அதனால் ஜகாத், ஜக்காத்து, ஸகாத் என்று ஊருக்கொரு மாதிரி சொல்கிறோம், இலங்கைக்காரர்கள் பெரும்பாலும் ஸகாத் என்று எழுதுவார்கள். எதுவும் தப்பில்லை.

வேர்ச்சொல்தான் சுவையானது. அந்த அரபி வேருக்கு இரண்டு பொருள் உண்டு: ஒன்று தூய்மையாவது, இன்னொன்று வளர்வது, செழிப்பது. பயிர் நன்றாகத் தழைத்து வந்தால் அரபியில் அதற்கும் இதே வினைதான். இதைப் படித்ததும் எனக்குக் களத்துமேடுதான் நினைவுக்கு வந்தது. நெல்லைத் தூற்றி, பதரும் தூசியும் போனபின் குவிந்து கிடக்கிற சுத்தமான நெல்லுக்குப் பேர் 'பொலி'. அளக்கும்போது "பொலியோ பொலி" என்று சொல்வார்கள். பொலிதல் என்றால் பெருகுதல், விளங்குதல். கழிய வேண்டியது கழிந்ததால் சுத்தமாகி, சுத்தமானதால் பெருகுகிற ஒன்று. ஜகாத் என்ற சொல்லின் உள்ளே இருக்கிற படத்தை இதைவிட நெருக்கமாகக் காட்டுகிற தமிழ்ச் சொல் எனக்குத் தெரியவில்லை.

இதில் இன்னும் ஒரு ஆழம் இருக்கிறது. வட்டிக்கு அரபியில் 'ரிபா' என்று பெயர், அதன் வேருக்கும் பெருகுதல் என்றே பொருள். தமிழிலும் பாருங்கள், பழைய கல்வெட்டுகளில் வட்டிக்குப் 'பொலிசை' என்று ஒரு சொல் வருகிறது, அதுவும் பொலிதான். குர்ஆன் இந்த இரண்டு பெருக்கத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பேசுகிறது. மக்களின் பொருளில் கலந்து பெருகட்டும் என்று நீங்கள் கொடுக்கிற ரிபா இறைவனிடத்தில் பெருகுவதில்லை, அவன் முகம் நாடிக் கொடுக்கிற ஜகாத்துதான் பன்மடங்காகிறது என்பது 30:39 வசனத்தின் கருத்து. கடனை வைத்து இல்லாதவனிடமிருந்து இருக்கிறவனுக்குப் பணம் ஏறுவது ஒரு வளர்ச்சி, இருக்கிறவனிடமிருந்து இல்லாதவனுக்கு இறங்கிப் போவது இன்னொரு வளர்ச்சி. இஸ்லாமியப் பொருளாதாரத்தின் அடிப்படையே இந்தத் திசைதான் என்று சொன்னால் அது மிகையில்லை. கந்துவட்டி என்ன செய்யும் என்று நெல்லைச் சீமையில் யாருக்கும் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதில்லை.

சரி, இந்தச் சொல் எப்போது 'வரி' ஆனது? நம் ஊரிலிருந்து பம்பாய்க்குப் போய் தாராவியில் பிழைத்தவர்களைக் கேட்டால் 'ஜகாத் நாக்கா' என்பார்கள். மராத்தியில் ஜகாத் என்றால் ஊருக்குள் வரும் சரக்குக்குப் போடுகிற நுழைவு வரி, நாக்கா என்றால் அதை வசூலிக்கிற சாவடி. முஸ்லிம் அரசர்களின் ஆட்சியில் வணிகச் சரக்கின் மேல் வசூலித்த தொகைக்கு இந்தப் பெயர் ஏறி, பிறகு மதத்தோடு இருந்த தொடர்பு அறுந்து, வெறும் சுங்கமாக மராத்தியில் நின்றுவிட்டது. 2017 ஜூலையில் ஜிஎஸ்டி வந்ததும் மும்பையில் அந்த வரியே போய்விட்டது. தமிழில் இதற்குச் சுங்கம், உல்கு என்று பழைய சொற்கள் இருக்கின்றன, அவற்றுக்கும் ஐந்து கடமைகளில் ஒன்றுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.

வரி என்று சொல்வதில் பாதி உண்மை இருக்கத்தான் செய்கிறது. ஜகாத்தின் விகிதத்தை யாரும் தன் விருப்பத்துக்குக் கூட்டவோ குறைக்கவோ முடியாது. நபிகள் நாயகம் தம் தோழர் முஆதை ஏமனுக்கு அனுப்பும்போது, அவர்களில் வசதியானவர்களிடம் வாங்கி அவர்களிலேயே ஏழைகளுக்குத் திருப்பிக் கொடுக்கப்படும் என்றுதான் சொல்லி அனுப்பினார்கள். அதாவது ஆட்சியின் வேலையாகவே அது இருந்தது. நபிகளார் மறைந்தபின், 632-ல், சில கூட்டத்தார் தொழுவோம், ஆனால் ஜகாத் தரமாட்டோம் என்றபோது, அடுத்து ஆட்சிக்கு வந்த முதல் கலீஃபா அபூபக்கர் அவர்கள் போருக்கே கிளம்பினார்கள். அப்புறம் மூன்றாம் கலீஃபா உஸ்மான் காலத்தில், வெளியே தெரிகிற விளைச்சல், கால்நடைகளை அரசு வசூலிக்க, கையிருப்புப் பணம் போன்ற மறைவான பொருளுக்கு அவரவரே கணக்குப் பார்த்துக் கொடுத்துக்கொள்ளலாம் என்று வழி விடப்பட்டது. இன்று பாகிஸ்தானில் 1980-ல் வந்த சட்டப்படி ரமலான் பிறந்ததும் வங்கிச் சேமிப்புக் கணக்கிலிருந்து இரண்டரை சதவீதம் பிடிக்கும் ஏற்பாடு உண்டு. அதற்கு முன்னாலேயே பணத்தை எடுத்துவிடுகிறவர்களும் உண்டு. மலேசியாவில் கொடுத்த ஜகாத்தை வருமான வரியிலேயே கழித்துக்கொள்ளலாம். நம் நாட்டில் எந்த அதிகாரியும் வந்து கேட்கமாட்டார், கொடுக்காவிட்டால் நோட்டீசும் வராது. கேட்க ஆள் இல்லாத ஒன்றுக்கு வரி என்று பேர் வைத்தால் அண்ணாச்சிக்கு மட்டுமல்ல, நம் பிள்ளைகளுக்கே விளங்காது.

வரியோடு ஒத்துப்போகாத இன்னொரு விசயம் கணக்கு. வருமான வரி லாபத்தின் மேல், ஜகாத் கையில் நிற்கிற பொருளின் மேல். ஒரு கடைக்காரரிடம் வருசக் கடைசியில் சரக்கு 6 லட்சத்துக்கு, ரொக்கம் 1 லட்சம், திரும்பி வரும் என்று நம்புகிற பாக்கி 1 லட்சம், அவர் கொடுக்க வேண்டிய கடன் 2 லட்சம் என்றால் மிச்சம் 6 லட்சம், அதில் நாற்பதில் ஒரு பங்கு, அதாவது இரண்டரை சதவீதம், 15,000 ரூபாய். அந்த வருசம் லாபமே வரவில்லை என்றாலும் அது அவர் மேல் கடமைதான். ஆனால் குடியிருக்கிற வீட்டுக்கும், தொழில் செய்கிற கருவிக்கும் கிடையாது. மேலப்பாளையத்தில் நெசவு செழித்த காலத்தில் பெரியவர்கள் இதை ஒரே வாக்கியத்தில் சொல்வார்கள்: "தறிக்கு இல்லை, தறியிலிருந்து இறங்கி விற்கக் காத்திருக்கிற துணிக்கு உண்டு." தங்கம் 20 மிஸ்கால் (பழைய அரபு எடை), நம் கணக்கில் ஏறக்குறைய 11 பவுன், அது நிசாப் என்கிற எல்லை. அதற்கு மேல் ஒரு பிறை வருடம் கைவசம் இருந்தால்தான் கடமை. பெண்கள் அணிகிற நகைக்கு உண்டா என்பதில் ஹனஃபி மத்ஹபு (மார்க்கச் சட்ட வழி) உண்டு என்கிறது, ஷாஃபிஈ மத்ஹபு அணிவதற்கென்றே வைத்திருக்கும் அளவான நகைக்கு இல்லை என்கிறது. நம் பக்கத்தில் இரண்டு மத்ஹபினரும் இருப்பதால் ஒவ்வொரு ரமலானிலும் சம்பந்தி வீடுகளுக்குள் இந்தப் பேச்சு வராமல் இருக்காது.

அண்ணாச்சிக்கு இதையெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தபோது அவர் முகம் மாறியது நிலத்தின் கணக்கைச் சொன்னபோதுதான். விளைச்சலுக்கு இரண்டரை சதவீதம் இல்லை. மழையாலும் ஆற்றுப் பாய்ச்சலாலும் தானாக விளைந்தால் பத்தில் ஒன்று, அதற்கு 'உஷ்ர்' என்று பெயர். கமலை கட்டியோ மோட்டார் போட்டோ பாடுபட்டு இறைத்து விளைந்தால் இருபதில் ஒன்று. பாதிக் காலம் அது, பாதிக் காலம் இது என்றால் ஏழரை சதவீதம். வருசம் திரும்பும்வரை காத்திருக்கவும் வேண்டாம், அறுத்த அன்றைக்கே அதன் உரிமையைக் கொடுங்கள் என்பது 6:141 வசனம். அப்படியென்றால் தாமிரபரணிக் கால்வாயில் பிசானம் என்கிற நெல் பருவத்துக்குத் தண்ணீர் பாய்ந்து 40 கோட்டை (நெல் அளவு) நெல் கண்ட வயலில் 4 கோட்டை, அதே 40 கோட்டையை வள்ளியூர்ப் பக்கம் கிணற்றை வெட்டி, மோட்டாருக்குச் செலவழித்துக் கண்டவரிடம் 2 கோட்டை. "பாடுபட்டவனுக்குப் பாதி தள்ளுபடியா?" என்று அண்ணாச்சி கேட்டார். ஆமாம், சும்மா கிடைத்ததில் அடுத்தவருக்கு அதிகம், உழைத்து எடுத்ததில் குறைவு. வாழைக்கு உண்டா என்றும் கேட்டார், வாழை போட்டவருக்கு அதுதானே கவலை. ஹனஃபியில் உண்டு, ஷாஃபிஈயில் சேமித்து வைத்து உண்கிற தானியத்துக்கும் பேரீச்சை, திராட்சைக்கும் மட்டும்தான்.

அப்போதுதான் அவர் சொன்னார்: "அப்படின்னா எங்க களத்துச் சுதந்திரம் மாதிரில்லா இருக்கு!"

சுதந்திரம் என்ற சொல்லுக்கு இந்த அர்த்தம் இன்றைக்கு நிறையப் பேருக்குத் தெரியாது. நெல்லை வீட்டுக்கு ஏற்றுவதற்கு முன்னால் களத்திலேயே சலவைத் தொழிலாளிக்கு, முடி திருத்துகிறவருக்கு, தச்சருக்கு, கொல்லருக்கு அளந்து போடுகிற பங்குக்குத்தான் சுதந்திரம் என்று பெயர். அவர்கள் அதைக் கையேந்திக் கேட்பதில்லை, அவர்களுடையதை எடுத்துக்கொண்டு போவார்கள். எனக்கு உடம்பு சிலிர்த்தது. "அவர்களின் பொருள்களில், கேட்பவருக்கும் இல்லாதவருக்கும் தெரிந்த ஒரு உரிமை இருக்கிறது" என்று 70-வது அத்தியாயத்தில் குர்ஆன் சொல்வதும் இந்த உரிமையைத்தான். ஆனாலும் இரண்டும் ஒன்றல்ல. களத்துச் சுதந்திரம் செய்த வேலைக்கான கூலி, அதுவும் இன்ன சாதிக்கு இன்ன வேலை என்று கட்டிப்போட்ட ஊர் அமைப்புக்குள் வருவது. ஜகாத் வாங்குகிறவர் உங்களுக்கு எந்த வேலையும் செய்திருக்க வேண்டாம், வாங்கியதற்காக எதுவும் செய்யவும் வேண்டாம்.

தர்மம், தானம், ஈகை மூன்றும் ஏன் சரிவராது என்பதும் இங்கேயே தெரிந்துவிடுகிறது. அவை கொடுக்கிறவரின் மனசைப் பொறுத்தவை, கொடுத்தால் புகழ், கொடுக்காவிட்டால் குற்றமில்லை. அந்த மாதிரிக் கொடைக்கு நம்மிடம் சதக்கா என்ற சொல் தனியாக இருக்கிறது. (ஜகாத் யாருக்கெல்லாம் என்று எட்டு வகையினரைச் சொல்கிற 9:60 வசனமே 'சதக்காக்கள்' என்றுதான் தொடங்குகிறது, பின்னால் வழக்கில்தான் இரண்டும் பிரிந்தன.) சதக்காவை யாருக்கும் கொடுக்கலாம். ஜகாத்தைப் பெரும்பாலான சட்ட அறிஞர்கள் முஸ்லிம்களில் உரியவர்களுக்கு என்று வரையறுக்கிறார்கள். அந்த எட்டு வகையில் ஏழையும் வறியவரும் மட்டுமில்லை, கடனில் மூழ்கியவர், அடிமைத்தளையிலிருந்து விடுபட வேண்டியவர், வழியில் பணமில்லாமல் நிற்கிற பயணி, வசூலிக்கிற ஊழியர் எல்லாரும் வருகிறார்கள். ஆகவே 'ஏழை வரி'யில் 'ஏழை'யும் முழுசாகப் பொருந்தவில்லை.

என் முடிவு: கடமைப் பங்கு. பங்கு நம் ஊரில் கனமான சொல். பங்காளி என்றால் சொத்தில் உரிமை உள்ளவன், அவன் பங்கைப் பிரித்துக் கொடுக்காமல் வைத்துக்கொண்டால் ஊர் அதைக் கஞ்சத்தனம் என்று சொல்லாது, அடுத்தவன் சொத்தை அமுக்கிவிட்டான் என்றே சொல்லும். பலர் சேர்ந்து பலியிடுகிற கூட்டுக் குர்பானியிலும் பங்கு என்ற சொல்லோடு நமக்குப் பழக்கம் இருக்கிறது. முகம் தெரியாத ஒரு கடனாளி உங்கள் பணத்தில் பங்காளி என்று நினைத்துப் பாருங்கள், மனசு வேறு மாதிரி ஆகிவிடும்.

இந்தச் சொல் வேண்டும் என்று நான் மெனக்கெடுவதற்குக் காரணம் இருக்கிறது. என் சின்ன வயதில் ரமலான் இருபத்தேழாம் நாள் ஒரு பெரிய வீட்டு வாசலில் பெண்கள் மணிக்கணக்கில் வரிசையில் நிற்பதைப் பார்த்திருக்கிறேன். கட்டுக் கட்டாகப் புது நோட்டை மாற்றி வைத்து ஆளுக்கு ஒரு நோட்டு. ஒரு வயதான பெண்ணை, ஏற்கெனவே வாங்கிவிட்டாய் என்று சத்தம் போட்டு விரட்டினார்கள். அவர் வாங்கியிருக்கவில்லை, என் உம்மாவின் பக்கத்தில்தான் அதுவரை உட்கார்ந்திருந்தார். உம்மா அன்று ராத்திரி மூடிய தாம்பாளத்தில் தன் கணக்கை வைத்து அவர் வீட்டுக்கு என்னிடம் கொடுத்தனுப்பினார்கள். "தர்மம்னு சொல்லாதே, உங்களது எங்க வீட்ல இருந்துச்சு, உம்மா கொடுத்துட்டு வரச் சொன்னாங்கன்னு சொல்லு" என்றார்கள். கொடுத்தால் தேவை தீரும்படி கொடுங்கள் என்று கலீஃபா உமர் சொன்னதாக வருகிறது. ஆயிரம் பேருக்குப் பத்துப் பத்தாகச் சிதறுவதற்குப் பதில் மஹல்லா, அதாவது பள்ளிவாசலைச் சேர்ந்த பகுதி, ஒன்றாகச் சேர்ந்து வருசத்துக்கு நாலு குடும்பத்துக்குத் தையல் மெஷினோ, ஆட்டோவோ, கடன் அடைப்போ செய்தால், அடுத்த வருசம் அந்த நாலு குடும்பமும் வரிசையில் நிற்கவேண்டியதில்லை.

கடைசியாக வினைச்சொல். ஈ, தா, கொடு மூன்றும் ஒன்றில்லை என்கிறது தொல்காப்பியம்: தாழ்ந்தவன் கேட்பது 'ஈ', ஒத்தவன் கேட்பது 'தா', உயர்ந்தவன் கேட்பது 'கொடு'. அந்தக் கணக்கில் பார்த்தால் ஜகாத்தை யாரும் ஈய முடியாது. கடனைச் செலுத்துகிறோம், பங்கைப் பிரித்துச் சேர்ப்பிக்கிறோம். நோட்டீஸ் அடிக்கிறவர்கள் அடுத்த ரமலானுக்கு "ஜகாத் தர்மம் வழங்கப்படும்" என்று போடாமல், "ஜகாத் என்னும் கடமைப் பங்கு உரியவர்களிடம் சேர்க்கப்படும்" என்று போடுங்கள்.