ஓடுபாதைக்கு நூற்றுக்கு எத்தனை மார்க்?

சாலையில் ஜல்லி பெயர்ந்து கிடந்தால் வண்டி குலுங்கும், ஓரமாக ஒதுக்கி ஓட்டிக்கொண்டு போய்விடுவோம். ஓடுபாதையில் அப்படி விட முடியாது. பெயர்ந்த ஒரு சிறு கல்லை ஜெட் என்ஜின் உள்ளே இழுத்துக்கொண்டால், வேகமாகச் சுழலும் தகடுகள் சேதமாகும். டயரும் கிழியலாம். அதனால் தளம் உடைந்த பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்ற பேச்சுக்கே இடமில்லை. எந்தப் பகுதி எப்போது கெட்டுப்போகும் என்று முன்கூட்டியே தெரிய வேண்டும்.

அதைக் கணக்குப் போட்டுச் சொல்லும் முறை 1970களில் அமெரிக்காவில் உருவானது. அந்நாட்டு விமானப்படைக்காக, இல்லினாய் மாநிலத்தின் சாம்பெய்ன் நகரில் உள்ள ராணுவப் பொறியியல் ஆய்வுக்கூடம் இதைச் செய்தது. அந்தப் பணியின் முக்கியப் பொறியாளர் முகமது ஷாகின். ஒரு தளம் எவ்வளவு நன்றாக இருக்கிறது என்பதற்கு 0 முதல் 100 வரை மதிப்பெண் கொடுப்பதுதான் அந்த முறை. இதைத் தள நிலைக் குறியீடு என்கிறார்கள், சுருக்கமாகப் பிசிஐ. இதையே அடிப்படையாக வைத்து எழுதப்பட்ட பேவர் என்ற மென்பொருள் இன்றும் பயன்பாட்டில் இருக்கிறது. அமெரிக்க விமானப் போக்குவரத்து நிர்வாகமான எஃப்ஏஏ, இணையத்திலேயே இயங்கும் பேவ்ஏர் என்ற மென்பொருளை இலவசமாகத் தருகிறது.

மென்பொருள் என்றதும் எல்லாவற்றையும் கணினியே பார்த்துவிடுகிறது என்று நினைக்க வேண்டாம். தொடக்கம் மனிதக் கண்தான். தளத்தைச் சிறு சிறு துண்டுகளாகப் பிரிப்பார்கள். தார்த் தளம் என்றால் ஒரு துண்டு ஏறக்குறைய 450 சதுர மீட்டர், கான்கிரீட் என்றால் சுமார் 20 பலகங்கள். எல்லாவற்றையும் பார்க்க நேரம் போதாது. அதனால் சமமான இடைவெளியில் சில துண்டுகளை மட்டும் தேர்ந்தெடுத்து, ஆய்வாளர் அவற்றின் மேல் நடந்தே பார்க்கிறார். விரிசல் எத்தனை மீட்டர் நீளம், எவ்வளவு அகலம், ஓரம் உதிர்கிறதா என்று ஒவ்வொன்றையும் குறிக்கிறார். 6 மில்லிமீட்டருக்குள் இருக்கும், ஓரம் உதிராத விரிசல் லேசான பாதிப்பு. ஓரம் நொறுங்கி, கல் பெயர்ந்து வரும் நிலையில் இருந்தால் கடுமையான பாதிப்பு. கல் பெயருமா என்ற கேள்வி அளவுகோலுக்குள்ளேயே உட்கார்ந்திருப்பதைக் கவனியுங்கள்.

அடுத்தது கணக்கு. 100இல் தொடங்கி, ஒவ்வொரு பாதிப்புக்கும் அதன் வகை, கடுமை, பரவல் மூன்றையும் பார்த்துக் கழிக்க வேண்டும். ஒரு துண்டில் விரிசலுக்கு 20, சக்கரத் தடம் பதிந்த பள்ளத்துக்கு 12, மேற்பரப்புத் தேய்மானத்துக்கு 8 என்று வைத்துக்கொள்வோம். கூட்டினால் 40. ஆனால் 40ஐ அப்படியே கழிப்பதில்லை. ஒரே இடத்தில் பல குறைகள் சேரும்போது, ஒவ்வொன்றையும் தனித்தனியாகக் கூட்டினால் வரும் அளவுக்குத் தளம் மோசமாகிவிடுவதில்லை. அதனால் கூட்டுத்தொகையைத் திருத்திக் குறைக்கும் வரைகோடுகள் இருக்கின்றன. அனுபவமுள்ள பொறியாளர்கள் பலர் நேரில் பார்த்துக் கொடுத்த மதிப்பெண்ணோடு கணக்கில் வரும் மதிப்பெண் ஒத்துப்போகும்வரை அந்தக் கோடுகளைச் சரிசெய்திருக்கிறார்கள். இந்த முறையில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான். பல வருடம் தளத்தின் மேல் நடந்தவர்களின் பார்வை, புதிதாக வேலைக்கு வந்தவரும் பயன்படுத்தக்கூடிய கணக்காகிவிட்டது.

மதிப்பெண் மட்டும் தெரிந்தால் போதாது, காரணமும் தெரிய வேண்டும். இரண்டு தளங்களுக்கும் 60 என்றே வரலாம். ஒன்றில் முதலைத் தோல் போன்ற விரிசலும் சக்கரப் பள்ளமும் இருக்கின்றன. விமானத்தின் எடையைத் தளம் தாங்கவில்லை என்று அர்த்தம். மேலே மெல்லிய பூச்சு போட்டால் பணம்தான் வீண். இன்னொன்றில் கட்டம் கட்டமாக விரிசல். வெயிலிலும் காற்றிலும் தார் இறுகிப்போனதால் வந்தது அது. அதற்கு எடையைத் தாங்கும் அளவுக்குத் தளத்தைக் கனமாக்க வேண்டியதில்லை. கழித்த மதிப்பெண்ணில் எடையால் எத்தனை சதவீதம், தட்பவெப்பத்தால் எத்தனை, எண்ணெய்க் கசிவு போன்றவற்றால் எத்தனை என்று மென்பொருள் பிரித்துக் காட்டிவிடும்.

அப்புறம் எதிர்காலக் கணிப்பு. ஒரே மாதிரி மேற்பரப்பும் ஒரே மாதிரி பயன்பாடும் உள்ள பகுதிகளை ஒரு குடும்பமாகச் சேர்த்து, வயது ஏற ஏற மதிப்பெண் எப்படிக் குறைகிறது என்று ஒரு கோடு வரைகிறது மென்பொருள். பிறகு ஒவ்வொரு பகுதிக்கும் அந்தக் கோட்டை நகர்த்தி, அந்தப் பகுதியின் கடைசி ஆய்வு மதிப்பெண் வழியாகப் போகும்படி வைக்கிறது. பத்து வயதுத் தளம் ஒன்று தன் வயதுத் தளங்களைவிட மோசமாக இருந்தால், அதன் கணிப்பும் அதற்கேற்பக் கீழே இறங்கிவிடும்.

அந்தக் கோடு நேராக இறங்குவதில்லை. பல வருடம் மெதுவாகச் சரியும், ஒரு கட்டத்துக்குப் பிறகு மளமளவென்று விழும். விழுவதற்கு முன் 1 டாலரில் முடியும் சீரமைப்பு, விழுந்த பிறகு 4 முதல் 5 டாலர் கேட்கும் என்கிறது எஃப்ஏஏவின் வழிகாட்டி. அப்படியென்றால், கையில் கொஞ்சம் பணம் இருக்கும்போது எதை முதலில் பழுதுபார்ப்பது? மிக மோசமானதை என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். பெரும்பாலும் அது தவறு. மதிப்பெண் 20க்கு வந்துவிட்ட பகுதியை எப்படியும் பெயர்த்தெடுத்துப் புதிதாகத்தான் போட வேண்டும். அடுத்த வருடம் போட்டாலும் செலவு பெரிதாக அதிகரிக்காது. ஆனால் 70இல் நிற்கும் பகுதியின் விரிசலை இந்த வருடமே அடைக்காவிட்டால் உள்ளே தண்ணீர் இறங்கி அடித்தளத்தை இளக்கிவிடும். மோசமான பகுதியில் விமானங்கள் ஆபத்தில்லாமல் போய்வர மட்டும் ஒட்டுப்போட்டுவிட்டு, மீதிப் பணத்தை நல்ல பகுதிகளைக் காப்பாற்றச் செலவிடுவதே புத்திசாலித்தனம். இதை வெறும் வாயால் சொன்னால் நிர்வாகம் ஒப்புக்கொள்ளாது. இந்த ஒதுக்கீட்டுக்கு ஐந்து வருடத்தில் நிலைமை இப்படி, அந்த ஒதுக்கீட்டுக்கு அப்படி என்று மென்பொருள் வரைந்து காட்டும்போது பேச்சு மாறுகிறது.

பிசிஐ சொல்லாத விஷயங்களும் உண்டு. தளம் எவ்வளவு எடை தாங்கும் என்பது அதில் இல்லை. அதற்குத் தனிக் கருவி: கனமான எடையைத் தளத்தின் மேல் விழவைத்து, தளம் எத்தனை மைக்ரான் (மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) அமுங்குகிறது என்று வரிசையாக வைத்த உணரிகளால் அளக்கிறார்கள். டயர் ரப்பர் படிந்து ஓடுபாதை வழுக்குகிறதா என்பதற்கும் வேறு சோதனை இருக்கிறது. 95 மார்க் வாங்கிய ஓடுபாதை மழையில் வழுக்கலாம், எனவே அந்த ஒரு எண்ணை மட்டும் நம்பி யாரும் முடிவெடுப்பதில்லை.

அமெரிக்காவில் 1995 முதல், அரசு நிதியில் தளம் போடும் விமான நிலையங்கள் இப்படியொரு பராமரிப்புத் திட்டத்தை வைத்திருப்பது கட்டாயம். வருடத்துக்கு ஒருமுறை விரிவான ஆய்வு வேண்டும், பிசிஐ முறையில் செய்தால் மூன்று வருடத்துக்கு ஒருமுறை போதும். போட்ட ஒட்டு, அடைத்த விரிசல், செய்த தேதி எல்லாம் பதிவாக வேண்டும். பெரிய நிலையங்களில் இதற்கென்றே பொறியாளர்கள் இருப்பார்கள். தனிப் பொறியாளர் இல்லாத சிறு விமான நிலையங்களில் ஓடுபாதையின் வரலாறு முழுவதும் அந்தப் பதிவில்தான் இருக்கிறது. பழைய ஊழியர் ஓய்வு பெற்றுப் போனாலும், எந்த மூலையில் எந்த வருடம் விரிசல் தொடங்கியது என்பது அடுத்து வருபவருக்குக் கிடைத்துவிடும்.