கருங்கல்லைக் கரைத்த நீர்: கொரிய எல்லையில் ஒரு மலைக்கிண்ணம்

இரு கொரியாக்களையும் பிரிக்கும் எல்லையைச் செயற்கைக்கோள் படத்தில் மேற்கிலிருந்து கிழக்காகத் தொடர்ந்து சென்றால், தென்கொரியாவின் காங்வொன் மாகாணத்தில், மலைகள் நெருக்கியடித்து நிற்கும் இடத்தில் திடீரென்று ஒரு நீள்வட்டப் பள்ளம் தென்படும். சுற்றிலும் காடடர்ந்த மலைவிளிம்பு இருக்க, நடுவே கட்டம் கட்டமாக வயல்கள் விரிந்திருக்கும். யாங்கு மாவட்டத்தைச் சேர்ந்த ஹேயான் பள்ளத்தாக்கு அது. இது விண்கல் விழுந்த பள்ளமா, அணைந்த எரிமலையின் வாயா என்று வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். இரண்டும் இல்லை என்று ஒரே வரியில் முடித்துவிடலாம். ஆனால் அந்தப் பள்ளத்தை உண்டாக்கிய வேலை விண்கல்லைவிட எனக்கு வியப்பூட்டுவது என்பதால் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் இடத்தைப் பார்த்துவிடுவோம். யாங்கு ஏறத்தாழ 700 சதுர கிலோமீட்டர் பரப்பில் 20,000 பேர் அளவுக்கே வாழும் மலைப்பகுதி. மேற்கே 1944இல் முடிந்த ஹ்வாச்சொன் அணை தேக்கிய பாரோ ஏரி. தெற்கே 1973இல் எழுந்த, 123 மீட்டர் உயரமுள்ள சொயாங் அணையின் நீர்த்தேக்கம். இந்த இரண்டாவது நீர்த்தேக்கம் சுன்சொன் நகருக்குச் சென்ற பழைய சாலையை மூழ்கடித்ததால், யாங்குவை நிலத்துக்குள் இருக்கும் தீவு என்றே கொரியர்கள் நெடுங்காலம் சொல்லி வந்தனர். அந்த மாவட்டத்தின் வடகோடியில்தான் ஹேயான் கிடக்கிறது. வடக்குத் தெற்காகச் சுமார் 12 கிலோமீட்டர், கிழக்கு மேற்காக 6.6 கிலோமீட்டர். அதன் தளம் கடல்மட்டத்துக்கு மேல் 400 முதல் 500 மீட்டர் உயரத்தில் இருக்க, விளிம்பில் தோசொல் மலை 1,148 மீட்டருக்கும், காச்சில் சிகரம் 1,242 மீட்டருக்கும், தேயாம் மலை 1,304 மீட்டருக்கும் எழுகின்றன. கொரியப் போரில் இங்கு வந்த அமெரிக்கர்கள் இதை விருந்துகளில் பானம் கலக்கும் பெரிய கிண்ணத்துக்கு ஒப்பிட்டுப் 'பஞ்ச்பவுல்' என்று அழைத்தார்கள். அப்பெயரே இன்று சுற்றுலாப் பலகைகளிலும் நிலைத்துவிட்டது.

வட்டமாகப் பள்ளம் இருந்தால் உடனே விண்கல்லை நினைப்பது இயல்புதான். கொரியாவிலேயே அப்படி ஒன்று இருக்கிறது. தெற்கில், ஹாப்சொன் என்ற மாவட்டத்தில், சுமார் 7 கிலோமீட்டர் அகலமுள்ள ஒரு பள்ளத்தாக்கு ஏறத்தாழ 50,000 ஆண்டுகளுக்கு முன் விண்கல் மோதி உண்டானது என்று 2020 டிசம்பரில் உறுதி செய்யப்பட்டது. ஆய்வாளர்கள் 142 மீட்டர் ஆழம்வரை துளையிட்டு எடுத்த பாறைத் துண்டுகளில், மோதல் அதிர்ச்சியால் மட்டுமே உண்டாகக்கூடிய கூம்பு வடிவ உடைவுத் தடங்களும், உட்கட்டமைப்பு நொறுங்கிய குவார்ட்ஸ் படிகங்களும் கிடைத்தன. எந்தத் தொழிற்சாலைக்கும் உடனடிப் பயன் தராத இத்தகைய துளைக்குப் பணம் ஒதுக்கத்தான் வேண்டுமா என்று கேட்பவர்கள் எல்லா நாட்டிலும் உண்டு. துளையிடாமல் இருந்திருந்தால், வரைபடத்தைப் பார்த்து வாய்க்கு வந்ததைச் சொல்வதோடு நாம் நின்றிருப்போம் என்பதே அவர்களுக்கு என் பதில். ஹேயானையும் விண்கல் பள்ளம் என்று சிலர் சொன்னதுண்டு. ஆனால் அத்தகைய அதிர்ச்சித் தடயம் எதுவும் அங்கு கிடைக்கவில்லை. எரிமலை வாயாக இருந்திருந்தால் விளிம்பில் எரிமலைக்குழம்பும் சாம்பலும் இறுகிய பாறைகள் நிற்க வேண்டும், அவையும் இல்லை.

அங்கே இருப்பவை இரண்டே வகைப் பாறைகள். விளிம்பு முழுவதும் கேம்பிரியனுக்கு முற்பட்ட காலத்தைச் சேர்ந்த, நூறு கோடி ஆண்டுகளுக்கும் மேற்பட்ட முதிய உருமாறிய பாறைகள். அவற்றில் முதன்மையானது, வரி வரியாக அடுக்கு தெரியும் நைஸ். நடுத்தளத்தில் ஜுராசிக் காலத்தில், அதாவது ஏறத்தாழ இருபது முதல் பதினைந்து கோடி ஆண்டுகளுக்கு முன், கீழிருந்து குழம்பாக ஏறி, நிலத்துக்கு அடியிலேயே குளிர்ந்து இறுகிய கிரானைட், அதாவது கருங்கல். பழைய பாறையைத் துளைத்துக்கொண்டு வந்த இளைய கருங்கல் நடுவில் இருக்கிறது. அந்த நடுப்பகுதிதான் குழிந்திருக்கிறது. உறுதிக்கு உவமையாகச் சொல்லப்படும் கல் தோற்று, மற்றது நின்றுவிட்டது என்பதுதான் இதில் உள்ள புதிர்.

கருங்கல்லை உடைத்துப் பார்த்தால் மூன்று கனிமங்கள் கண்ணுக்கே தெரியும். கண்ணாடிபோல் மின்னும் குவார்ட்ஸ், வெண்மையோ இளஞ்சிவப்போ ஆன ஃபெல்ட்ஸ்பார், கருநிறத் துணுக்குகளாகப் பயோடைட் என்னும் மைக்கா. மழைநீர் காற்றிலிருந்து சிறிது கார்பன் டை ஆக்சைடைக் கரைத்துக்கொண்டு இறங்குகிறது. மண்ணுக்குள் வேர்களும் நுண்ணுயிர்களும் மூச்சுவிடுவதால் அங்குள்ள காற்றில் அந்த வாயு பன்மடங்கு அதிகம். எனவே மண்ணைக் கடந்து பாறையைத் தொடும் நீர் மென்மையான ஒரு கார்பானிக் அமிலம். அதிலுள்ள ஹைட்ரஜன் அயனிகள் ஃபெல்ட்ஸ்பாருக்குள் நுழைந்து பொட்டாசியத்தையும் சோடியத்தையும் வெளியே தள்ளுகின்றன. சிலிக்காவின் ஒரு பகுதியும் கரைந்துபோக, எஞ்சுவது கயோலின் என்னும் வெண்களிமண். பயோடைட்டின் கதை வேறு. அதிலுள்ள இரும்பு ஆக்சிஜனைச் சந்தித்துத் துருவேறும்போது, ஏடு ஏடாக அமைந்த அதன் அடுக்குகளுக்கிடையே நீர் புகுந்து, மழையில் நனைந்த புத்தகம்போல் உப்பிவிடுகிறது. உப்பும் ஒவ்வொரு துணுக்கும் பக்கத்துப் படிகங்களை நெம்பித் தள்ளுகிறது. குவார்ட்ஸ் மட்டும் எதற்கும் அசையாமல் இருந்தாலும், அதைச் சுற்றிப் பிடித்திருந்தவை தளர்ந்துவிட்டபின் அது வெறும் மணல்தான். கல்லின் வடிவம், வரி, வெடிப்பு எல்லாம் அப்படியே தெரியும். கையால் அழுத்தினால் பொலபொலவென்று உதிரும். இந்த உதிரிமண்ணைக் கொரியாவில் 'மாசாத்தோ' என்பார்கள். அங்கு பூந்தொட்டி வைத்திருப்பவர்களுக்கெல்லாம் தெரிந்த மண் அது.

நைஸிலும் ஏறக்குறைய இதே கனிமங்கள்தாமே இருக்கின்றன என்று கேட்கலாம், சரியான கேள்வி. வேறுபாடு நீர் உள்ளே போகும் வழியில் இருக்கிறது. கருங்கல் ஆழத்தில் குளிர்ந்து சுருங்கியபோதே அதில் வெடிப்புகள் விழுந்தன. மேலே கிடந்த கிலோமீட்டர் கணக்கான பாறைச்சுமை காலப்போக்கில் அகன்றபோது, அழுத்தம் தளர்ந்து, தரைக்கு இணையாகவும் அது பிளந்தது. இந்த வெடிப்புகள் ஒன்றையொன்று வெட்டும் இடங்களில் நீர் மூன்று பக்கமும் புகுந்து ஒவ்வொரு பாளத்தையும் வெளியிலிருந்து உள்நோக்கித் தின்னத் தொடங்குகிறது. ஹேயானைச் சுற்றியுள்ள உருமாறிய பாறைகளோ வெப்பத்திலும் அழுத்தத்திலும் நசுக்கப்பட்டுப் படிகங்கள் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பவை. நீருக்கு அவ்வளவு எளிதில் வழிவிடாதவை.

இங்கே ஒரு முரண்பாடு எழுகிறது. ஹேயானுக்குத் தென்கிழக்கே, அதிகத் தொலைவில்லாமல், 1,708 மீட்டர் உயர சொராக் மலை நிற்கிறது. அதன் புகழ்பெற்ற செங்குத்துச் சிகரங்கள் கருங்கல்லால் ஆனவை. ஓரிடத்தில் பள்ளமாகவும் மற்றோரிடத்தில் சிகரமாகவும் ஒரே வகைக் கல் எப்படி நிற்கும்? இந்தக் கேள்விக்கான விடையை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மகிழ்ச்சிதான். வெடிப்புகள் தூரதூரமாக இருக்கும் கருங்கல் மேடாக நின்றுவிட்டால், மழைநீர் அதன்மேல் வழிந்தோடிவிடும். அடுத்த வெயிலில் பாறை காய்ந்துவிடும். வேதிவினைக்கு நீர் தொட்டுக்கொண்டே இருக்க வேண்டும். வழிந்தோடும் நீருக்கு அந்த அவகாசம் இல்லை. மாறாக, வெடிப்புகள் நெருக்கமாக உள்ள கருங்கல் கொஞ்சம் தாழ்ந்துவிட்டால், சுற்றுப்புறத்து நீர் அங்கே வந்து சேரும், மண் படியும், அந்த மண் ஈரத்தைப் பிடித்துவைக்கும், செடி முளைத்து வேர்விட்டு அமிலத்தைக் கூட்டும். ஆகவே அடிப்பாறை மேலும் வேகமாக உதிரும், இடம் மேலும் தாழும், மேலும் நீர் வரும். தொடக்கத்தில் இருந்தது மிகச் சிறிய வேறுபாடுதான். தன் விளைவே தனக்குக் காரணமாகித் திரும்பத் திரும்ப வளர்ந்ததால், ஒருபுறம் சிகரமும் மறுபுறம் கிண்ணமும் உண்டாயின. தாழ்ந்த இடத்தைத் தேடிப்போவது மட்டுமே நீரின் இயல்பு என்று நினைத்திருந்தால், தாழ்ந்த இடத்தை அதுவே படைத்தும் கொள்கிறது என்பதற்கு ஹேயானைவிட நல்ல சான்று கிடைப்பது அரிது.

உதிர்ந்தால் மட்டும் போதாது, உதிர்ந்தது வெளியேறவும் வேண்டும். கிண்ணத்தின் ஓடைகள் எல்லாம் நடுவில் மாந்தே ஓடையாகச் சேர்ந்து, கிழக்கு விளிம்பிலுள்ள ஒரு குறுகிய இடைவெளி வழியாக இன்புக் ஆற்றில் கலந்து, அங்கிருந்து சொயாங் ஆற்றை அடைகின்றன. அந்த வாயில்தான் கிண்ணத்தின் ஆழத்தை நிர்ணயிக்கிறது. வாயிலின் கடினமான படி எவ்வளவு தேய்கிறதோ அவ்வளவே உள்தளம் இறங்க முடியும். படி மெதுவாகத் தேயும்போது உள்ளே உள்ள கருங்கல் அதைவிட வேகமாக உதிர்வதால், தளம் கீழே போக முடியாமல் பக்கவாட்டில் விரிகிறது; கருங்கல் முடிந்து உருமாறிய பாறை தொடங்கும் இடம் வந்ததும் அந்த விரிவு தடைப்படுகிறது. அதனால்தான் தளம் அவ்வளவு தட்டையாகவும் சுவர் அவ்வளவு செங்குத்தாகவும் இருக்கின்றன. கணக்குக்காக, ஆண்டுக்கு ஒரு மில்லிமீட்டரில் இருபதில் ஒரு பங்கு மட்டும் தேய்கிறது என்று வைத்துக்கொண்டால்கூட, 500 மீட்டர் குழிவதற்கு ஒரு கோடி ஆண்டுகள் போதும். ஜுராசிக் காலத்துக் கல்லுக்கு அது அவசரமில்லாத வேலை.

விளிம்பில் நேரம் வேறு வேகத்தில் ஓடியிருக்கிறது. தேயாம் மலையின் உச்சியை ஒட்டி, சுமார் 1,280 மீட்டர் உயரத்தில், அண்டை மாவட்டமான இன்ஜேயின் எல்லைக்குள், யொங்நுப் என்ற சதுப்புநிலம் இருக்கிறது. குளிராலும் மூடுபனியாலும் அங்கே செத்த செடிகள் முழுதாக மட்குவதில்லை. ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக ஒன்றன்மேல் ஒன்றாகக் கரிப்படிவாகச் சேர்ந்துவருகின்றன. 1997இல் கொரியாவின் முதல் ராம்சார் தலமாக, அதாவது பன்னாட்டு உடன்படிக்கையின் கீழ் காக்கப்படும் சதுப்புநிலமாக, அது அறிவிக்கப்பட்டது.

களிமண்ணாக மாறும் இந்த வேதிவினைக்கு யாங்குவின் வரலாற்றிலும் பங்கு உண்டு. மாவட்டத்தின் பாங்சான் பகுதியில் கிடைத்த வெண்களிமண், கொரியாவை ஆண்ட சோசொன் அரசர்களின் காலத்தில் அரண்மனைக்கு வெண்பீங்கான் செய்த குவாங்ஜு சூளைகளுக்கு அனுப்பப்பட்டது. அதைத் தோண்டிச் சுமப்பது அவ்வூர் மக்களுக்குப் பெரும் சுமையாக இருந்தது. அந்த அரசமரபைத் தோற்றுவித்த யி சொங்கே, அரியணை ஏறுவதற்கு ஓராண்டு முன்னர், 1391இல், கும்காங் மலையில் புத்தருக்குக் காணிக்கையாகப் புதைத்த கிண்ணங்களில் ஒன்றில் பாங்சான் குயவர் ஒருவரின் பெயர் பொறிக்கப்பட்டிருக்கிறது. 1932இல் அவை தற்செயலாகக் கிடைத்தன. கருங்கல்லின் சொரசொரப்பைத் திரைச்சீலையில் கொண்டுவந்த ஓவியர் பாக் சு-குன் 1914இல் பிறந்ததும் யாங்குவில்தான். இதைத் தற்செயல் என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை என்றாலும், அறிவியல் கட்டுரையில் அதற்குமேல் சொல்லக் கூடாது.

இரண்டாம் உலகப் போரின் முடிவில் கொரியாவைப் பிரித்த 38ஆம் அட்சக்கோட்டுக்கு வடக்கே இருந்ததால் 1945க்குப் பின் யாங்கு வடகொரிய நிர்வாகத்தின் கீழ் இருந்தது. 1951இல் போர் இந்த மலைகளுக்கு வந்தபோது நிலவியலே போர்த்தந்திரம் ஆயிற்று. விளிம்பை வைத்திருப்பவன் கிண்ணத்துக்குள் நடக்கும் அனைத்தையும் காண்பான். உள்ளே இருப்பவனுக்கு மறைவிடமே கிடையாது. அவ்வாண்டு ஜூனில் தோசொல் மலையைத் தென்கொரிய மரைன் படை வீரர்கள் கைப்பற்றினர். ஆகஸ்ட் இறுதியிலிருந்து செப்டம்பர் வரை வடக்கு விளிம்புக்காகப் போர் நடந்தது. மேற்கே இரத்த முகடு, இதயமுறிவு முகடு என்று பெயர் பெற்ற குன்றுகளில் அக்டோபர்வரை ஆயிரக்கணக்கானோர் மடிந்தனர். 1953 போர்நிறுத்தத்தில் கிண்ணம் தெற்கிடம் நிலைத்தது. எல்லைக்கோடு வடக்கு விளிம்பை ஒட்டியே செல்கிறது. 1990 மார்ச்சில், தரைக்கு 145 மீட்டர் அடியில், வடக்கிலிருந்து தோண்டப்பட்ட நான்காவது ஊடுருவல் சுரங்கம் இங்கேதான் கண்டுபிடிக்கப்பட்டது.

வெறிச்சோடிய இந்நிலத்தில் 1956 முதல் அரசு மக்களைக் குடியேற்றியது. கண்ணிவெடிகளுக்கிடையே அவர்கள் நிலத்தைத் திருத்தி முள்ளங்கி, முட்டைக்கோஸ், உருளைக்கிழங்கு பயிரிட்டனர். முள்ளங்கித் தழையைக் குளிர்காலத்தில் காயவைத்துச் செய்யும் 'சிரேகி'க்கு இன்று ஹேயான் பெயர்பெற்றது. ஆனால் சரிவான வயல்களின் மண் அதே மாசாத்தோ. ஆண்டு மழையில் பெரும்பகுதி கோடையின் சில வாரங்களிலேயே கொட்டித் தீர்க்க, உழுத சரிவு ஒரே பருவத்தில் பல மில்லிமீட்டர் மண்ணை இழக்கக்கூடும். கோடி ஆண்டுகளாக நடந்த வேலையே பன்மடங்கு விரைவாக நடக்கிறது. கரைந்த களிமண் அந்தக் குறுகிய வாயில் வழியாகப் போய்ச் சொயாங் நீர்த்தேக்கத்தைக் கலக்குகிறது. 2006இல் எவினியார் புயல்மழைக்குப் பின் அந்தக் கலங்கல் பல மாதங்கள் தெளியவில்லை. ஜெர்மனியின் பாய்ராய்ட் பல்கலைக்கழகமும் காங்வொன் தேசியப் பல்கலைக்கழகமும் சேர்ந்து 2009 முதல் இந்தக் கிண்ணத்தையே ஓர் ஆய்வுக்கூடமாகக் கொண்டு மண், நீர், பயிர், வருவாய் எல்லாவற்றையும் சேர்த்து அளந்தன. பாறையை ஒரு துறையும் விவசாயியை இன்னொரு துறையும் தனித்தனியே ஆராய்ந்து, முடிவில் ஒருவர் அறிக்கையை மற்றவர் படிக்காமல் விடும் பழக்கத்துக்கு இது எவ்வளவோ மேல்.

இழந்த மண்ணை ஈடுகட்ட விவசாயிகள் வேறிடத்திலிருந்து மாசாத்தோவைக் கொண்டுவந்து வயலில் கொட்டுகிறார்கள். அடுத்த மழையில் அதுவும் போகிறது. மரப்பயிர்கள் மண்ணைப் பிடித்துவைக்கும் என்பது எல்லோருக்கும் தெரிந்ததே. வெப்பம் கூடக்கூட ஆப்பிள் சாகுபடி வடக்கே நகர்ந்து ஹேயானுக்கும் வந்திருக்கிறது. ஆனால் இங்குள்ள நிலத்தில் கணிசமான பகுதியின் பழைய உரிமையாளர்கள் போரில் வடக்கே போய்விட்டவர்கள். உழுதவர்களுக்குப் பல பத்தாண்டுகள் பட்டா இல்லை. நாளை தன்னுடையதாக இருக்குமா என்று தெரியாத நிலத்தில் ஆப்பிள் கன்று நட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருக்க யாருக்கும் துணிவு வராது. மூன்று மாதத்தில் விற்றுவிடக்கூடிய முள்ளங்கியைத்தான் போடுவார்கள். 2020இல் சட்டம் திருத்தப்பட்டு, உரிமையாளர் இல்லாத நிலத்தை அரசுடைமையாக்கி உழுபவருக்கே விற்கவும் குத்தகைக்கு விடவும் வழி பிறந்தது. சொயாங் நீர்த்தேக்கத்தைத் தெளியவைக்க எடுத்த முயற்சிகளின் பட்டியலில் அந்தச் சட்டத்தை யாரும் சேர்ப்பதில்லை. என்னைக் கேட்டால், வண்டல் தடுக்கும் குட்டைகளுக்கு முன்னால் அதைத்தான் எழுத வேண்டும்.