பே லேட்டர், லிமிட், டியூ: இவற்றுக்குத் தமிழில் என்ன பெயர்?

மளிகைச் செயலியில் சாமான்களைத் தேர்ந்தெடுத்துப் பணம் கட்டும் பக்கத்துக்குப் போனால், யு.பி.ஐ., கார்டு, கேஷ் ஆன் டெலிவரி என்ற வரிசையில் ‘பே லேட்டர்’ என்றும் ஒன்று இருக்கும். பக்கத்தில் ‘உங்கள் லிமிட் ₹10,000’ என்று பச்சை எழுத்தில் வரும். சில செயலிகளில் நாம் தொடும் முன்பே அது தேர்வாகியிருக்கும். ஓ.டி.பி.கூடக் கேட்காமல் ஆர்டர் போய்விடும். இந்தப் பக்கத்தில் எங்கேயும் ‘கடன்’ என்ற சொல் கண்ணில் படாது.

‘பிறகு கட்டு’, ‘பின்னர்ச் செலுத்து’ என்றெல்லாம் இதை மொழிபெயர்க்கிறார்கள். சொல்லுக்குச் சொல் சரிதான். ஆனால் பிறகு கட்டுவது என்றால் மின்கட்டணமும் பால் அட்டைப் பணமும்கூடப் பிறகு கட்டுவதுதான். பே லேட்டரில் நடப்பது வேறு. கடைக்காரருக்குப் பணம் உடனே போய்விடுகிறது. அதைக் கொடுப்பது செயலிக்குப் பின்னால் இருக்கும் ஒரு வங்கி, அல்லது வங்கியல்லாத நிதி நிறுவனம். செயலி பெரும்பாலும் இடைத்தரகர் மட்டுமே. அந்த நிமிடத்திலிருந்து நாம் கடைக்குக் கடன்பட்டவர் இல்லை, பெயரைக்கூடக் கவனிக்காத ஒரு நிதி நிறுவனத்துக்குக் கடன்பட்டவர்.

இதற்கு நம்மிடம் பழைய சொல் ஒன்று இருக்கிறது: பற்று. மளிகைக் கடையில் ‘பற்று எழுதி வாங்குவது’ என்பார்கள். நீளவாக்கில் தைத்த நோட்டில் எடுத்த சாமானெல்லாம் பற்று, கொடுத்த பணமெல்லாம் வரவு. டெபிட் என்பதற்கு வங்கிகள் இன்றும் பற்று என்றுதான் எழுதுகின்றன. சாமான் எடுக்க எடுக்கக் கணக்கில் ஏறி, மாதம் பிறந்ததும் மொத்தமாகத் தீர்க்கும் ஏற்பாட்டுக்குப் ‘பற்றுக் கடன்’ என்பது பொருந்தும். ஒரே பொருளை வாங்கி மூன்று, ஆறு மாதமாகக் கட்டுவதற்குத் ‘தவணைக் கடன்’ இருக்கவே இருக்கிறது. செயலிகள் இந்த இரண்டையும் ஒரே பே லேட்டர் பெயரில் விற்கின்றன. இரண்டுக்கும் விதிகள் வேறு என்பதால் பிரித்துச் சொல்வதே நல்லது.

கடன் என்ற சொல்லுக்கு முதலில் கடமை என்றுதான் பொருள். ‘ஈன்று புறந்தருதல் என்தலைக் கடனே’ என்ற புறநானூற்று வரியில் பணம் எங்கேயும் இல்லை. கடமை, கடப்பாடு, கடன் எல்லாம் ஒரே குடும்பம். ஆங்கிலத்தின் கிரெடிட், ‘நம்பு’ என்று பொருள்படும் லத்தீன் வினையிலிருந்து வந்தது. கொடுப்பவரின் நம்பிக்கையை அந்தச் சொல் பேசுகிறது, வாங்கியவரின் பொறுப்பை நம் சொல் பேசுகிறது. பே லேட்டர் என்ற பெயர் இரண்டையும் பேசுவதில்லை. அதனால்தான் விளம்பரத்துக்கு அது வசதியாக இருக்கிறது.

இதில் அதிகம் தவறாகப் புரிந்துகொள்ளப்படும் சொல் லிமிட். லத்தீனில் ‘லீமெஸ்’ என்பது இரண்டு நிலங்களுக்கு நடுவே ஓடும் எல்லைத் தடம். தமிழில் வரம்பும் அதேதான். வயலின் வரப்பும் கணக்கின் வரம்பும் ஒரே சொல். எனவே லிமிட்டைத் தமிழாக்கத் தனியாக மெனக்கெடத் தேவையில்லை: கடன் வரம்பு. ‘லிமிட் பத்தாயிரம் வந்திருக்கு’ என்று சொல்லும்போது யாரோ பத்தாயிரம் போட்ட மாதிரி இருக்கிறது. ‘பத்தாயிரம் வரை கடன் தருவார்கள்’ என்பதே அதன் உண்மையான அர்த்தம்.

வரம்பு எப்படி வேலை செய்கிறது? பற்றுக் கடனில், பத்தாயிரம் வரம்பில் 4,000 ரூபாய்க்கு வாங்கினால் மீதி வரம்பு 6,000. அந்த 4,000-ஐக் கட்டியதும் வரம்பு மறுபடி பத்தாயிரம் ஆகும். தவணைக் கடனில் அப்படி ஒரேயடியாகத் திரும்பாது. கட்டும் தவணைகளில் அசல் எவ்வளவு கழிகிறதோ அவ்வளவுதான் திறக்கும். மொத்த வரம்புக்கு உள்ளேயே ஒரு கடைக்கு இவ்வளவு, ஒரு ஆர்டருக்கு இவ்வளவு என்று சிறு வரம்புகளும் இருக்கலாம். ‘பத்தாயிரம் இருக்கே, ஏன் ஐயாயிரத்துக்கு எடுக்க மாட்டேங்குது?’ என்ற கேள்விக்குப் பெரும்பாலும் இதுதான் பதில். சில செயலிகளில் கிஃப்ட் கார்டு, தங்கம் வாங்க இந்த வரம்பு செல்லாது. அவற்றை உடனே காசாக்கிவிடலாம் என்பதால் கடன் கொடுப்பவர்கள் ஒதுக்கிவைக்கிறார்கள்.

வரம்பைக் குறைக்கவோ நிறுத்தவோ கடன் கொடுப்பவரால் முடியும். கூட்டுவது அப்படியல்ல. 2025 மே மாதம் ரிசர்வ் வங்கி வெளியிட்ட டிஜிட்டல் கடன் நெறிமுறைகளின்படி வரம்பு தானாக ஏறக் கூடாது. கடன் வாங்கியவர் வெளிப்படையாகக் கேட்டிருக்க வேண்டும், அந்தக் கோரிக்கையைப் பரிசீலித்துப் பதிவு செய்திருக்க வேண்டும். ‘வாழ்த்துகள், உங்கள் லிமிட் உயர்ந்துவிட்டது’ என்று கேட்காமலே செய்தி வந்தால், எப்போது கேட்டேன் என்று நிறுவனத்தைக் கேட்கும் உரிமை நமக்கு உண்டு.

அடுத்தது டியூ டேட். கெடு, கெடு நாள் என்று நாம் எப்போதும் சொல்வதுதான். நீதிமன்றத்தில் புழங்கும் ‘வாய்தா’ அரபு மொழியில் வாக்குறுதியைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. பாக்கியும் வசூலும்கூட அங்கிருந்து வந்தவைதான். அவற்றை விலக்கிவைக்கத் தேவையில்லை, கடனைப் பற்றித் தமிழர்கள் பேசுவதே இந்தச் சொற்களில்தான். அவுட்ஸ்டாண்டிங் என்பதற்கு நிலுவை. கெடு தாண்டிய நிலுவைதான் ஓவர்டியூ. முதலாவது இருப்பதில் தப்பில்லை, இரண்டாவது இருக்கக் கூடாது.

பற்றுக் கடனில் சில செயலிகள் 15 நாளுக்கு ஒரு பில் போடும், சில மாதம் ஒன்று. பில் வந்த சில நாளில் கெடு. தானாகக் கழித்துக்கொள்ள வங்கிக் கணக்கில் அனுமதி கொடுத்திருந்தால் அன்று கணக்கில் பணம் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் கடன் கொடுத்தவர் ஒரு கட்டணம், நம்முடைய வங்கி ஒரு கட்டணம் என இரண்டு பக்கமும் அடி விழும்.

பொருளைத் திருப்பி அனுப்பும்போதும் கவனம் தேவை. ரீஃபண்ட் பொதுவாக நம் வங்கிக் கணக்குக்கு வராது, பே லேட்டர் கணக்குக்குத்தான் போகும். ரீஃபண்ட் வந்து சேரும் முன் கெடு வந்துவிட்டால், ‘பொருளைத்தான் திருப்பிக் கொடுத்துவிட்டேனே’ என்று இருந்துவிட முடியாது. கடையின் கணக்கு வேறு, கடன் கணக்கு வேறு. பில்லைக் கட்டிவிட்டு, அடுத்த பில்லில் வரவு வைத்திருக்கிறார்களா என்று பார்ப்பதே பாதுகாப்பு.

தாமதக் கட்டணத்துக்கு வருவோம். 600 ரூபாய் பில்லுக்குப் பத்து நாள் தாமதம், கட்டணம் 100 ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். ‘நூறு ரூபாய்தானே’ என்று தோன்றும். பத்து நாளுக்கு 16 சதவீதத்துக்கு மேல், ஆண்டுக் கணக்கில் பார்த்தால் 600 சதவீதத்துக்கு மேல். தமிழ்நாட்டில் 2003-ல் அதீத வட்டி வசூலைத் தடுக்கச் சட்டம் கொண்டுவந்தபோது கந்து வட்டி, மீட்டர் வட்டி, தண்டல் என்று ஊரில் வழங்கிய பெயர்களையே அதில் எழுதினார்கள். அந்தப் பெயர்களைக் கேட்டால் ஒதுங்குகிற நாம், ‘லேட் ஃபீ’ என்றால் சாதாரணமாகக் கட்டுகிறோம்.

இங்கே அபராதம் என்ற சொல்லே சரி. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி கொண்டுவந்த விதியும் இதைத்தான் பிரித்துக் காட்டுகிறது. கெடு தவறினால் வட்டி விகிதத்தோடு அபராத வட்டியை ஏற்றக் கூடாது, தனிக் கட்டணமாகத்தான் வாங்க வேண்டும். அதை அசலோடு சேர்த்து அதன்மேல் வட்டி போடக் கூடாது. வங்கிகளும் நிதி நிறுவனங்களும் வாங்கும் இந்த அபராதத்துக்கு ஜி.எஸ்.டி. கிடையாது என்று 2024 டிசம்பரில் ஜி.எஸ்.டி. கவுன்சிலும் தெளிவுபடுத்தியது. பில்லில் அபராதத்துக்கு வரி சேர்த்திருந்தால் கேள்வி கேளுங்கள்.

‘வட்டி இல்லாத் தவணை’ என்ற பெயரையும் நம்பிவிட முடியாது. பூஜ்ய வட்டி என்று ஒன்று கிடையாது, வட்டி பல நேரம் பரிசீலனைக் கட்டணம் (பிராசஸிங் ஃபீ) என்ற பெயரில் ஒளிந்து வருகிறது என்று ரிசர்வ் வங்கி 2013 செப்டம்பரிலேயே வங்கிகளுக்கு எழுதியது. ஒரு கணக்குப் போடுவோம். 9,000 ரூபாய் பொருள், மூன்று தவணை, தவணைக்கு 3,000. வட்டி இல்லை, கட்டணம் மட்டும் 180. முதல் தவணை ஒரு மாதம் கழித்து என்றால், அந்த 180 ரூபாய் ஆண்டுக்குச் சுமார் 12 சதவீத வட்டிக்குச் சமம். அதே 180 ரூபாய், ஆனால் முதல் தவணையை வாங்கும் அன்றே கட்ட வேண்டும் என்றால்? நாம் கடனாகப் பெறுவது 6,000-தான், அதுவும் இரண்டு மாதத்துக்குள் தீர்ந்துவிடும். இப்போது விகிதம் 24 சதவீதத்தைத் தாண்டுகிறது. கட்டணம் மாறவில்லை, திரையில் காட்டும் எண்ணும் மாறவில்லை, கடனின் விலை இரண்டு மடங்கு.

இந்த விலையைச் சொல்வதற்கான எண்தான் ஏ.பி.ஆர். ‘ஆண்டுச் சதவீத விகிதம்’ என்று எழுதுகிறார்கள், அதில் என்ன விகிதம் என்று தெரியவில்லை. ‘ஆண்டுக் கடன்செலவு விகிதம்’ என்றால் வட்டியோடு கட்டணங்களும் சேர்ந்தது என்பது புரியும். இது கே.எஃப்.எஸ். எனப்படும் தாளில் இருக்கும். ‘முக்கிய விவர அறிக்கை’ என்று அதற்குப் பெயர் வைக்கலாம். 2024 அக்டோபர் 1 முதல் தரும் புதிய தனிநபர்த் தவணைக் கடன்களுக்கெல்லாம் அது கட்டாயம். அதில் சொல்லாத கட்டணத்தை நம்முடைய வெளிப்படையான சம்மதம் இல்லாமல் பின்னால் வாங்க முடியாது. ஏழு நாளோ அதற்கு மேலோ ஓடும் கடன் என்றால், அதைப் படித்து முடிவெடுக்கக் குறைந்தது மூன்று வேலை நாள் அவகாசம் தர வேண்டும்.

அந்த விதியில் இன்னொன்றும் இருக்கிறது, எனக்கு மிக முக்கியமாகப் படுவது அதுதான். இந்த அறிக்கை கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும். தமிழில் கேட்பது சலுகை அல்ல, உரிமை. ஆனால் ‘உங்கள் டியூ அமௌன்ட்டின் ஓவர்டியூ சார்ஜஸ்’ என்று தமிழ் எழுத்தில் ஆங்கிலத்தைக் கொட்டித் தந்தால் அந்த உரிமை ஏட்டளவில் நின்றுவிடும். ‘கெடு தாண்டிய பாக்கிக்கு அபராதம்’ என்று எழுதுவதில் என்ன கஷ்டம்? பத்தாவது படித்த பெண் தன் போனில் படித்து, வேண்டாம் என்று முடிவெடுக்க முடிகிற மொழி அது.

வேண்டாம் என்று பிறகு முடிவெடுக்கவும் வழி உண்டு. கூலிங் ஆஃப் என்பார்கள், ‘மறுயோசனைக் காலம்’ என்று சொல்லலாம். குறைந்தது ஒரு நாளாவது இருக்க வேண்டும் என்கிறது 2025 நெறிமுறை. அதற்குள் அசலையும் அதுவரைக்குமான கடன்செலவையும் கொடுத்துவிட்டு அபராதமின்றி வெளியேறலாம். அறிக்கையில் முன்பே சொல்லியிருந்தால் பரிசீலனைக் கட்டணத்தை மட்டும் அவர்கள் வைத்துக்கொள்ளலாம்.

கட்டாமல் விட்டால் கிரெடிட் ஸ்கோர், அதாவது கடன் மதிப்பெண் குறையும். சின்னத் தொகைதானே, யாருக்குத் தெரியும் என்று நினைக்க வேண்டாம். செயலி வழியாகத் தரும் கடன் எவ்வளவு சிறியதானாலும், எத்தனை நாளுக்கானாலும், சிபில் போன்ற கடன் தகவல் நிறுவனங்களுக்குத் தெரிவித்தாக வேண்டும். 400 ரூபாய் பிரியாணி பாக்கி வீட்டுக் கடன் கேட்கும் அன்று வந்து நிற்கலாம். வசூலுக்கும் எல்லை உண்டு. காலை 8 மணிக்கு முன்போ இரவு 7 மணிக்குப் பிறகோ வசூல் அழைப்பு வரக் கூடாது. போனில் இருக்கும் தொடர்பு எண்களையும் படங்களையும் செயலி தொடவே கூடாது. தொட அனுமதி கேட்கும் செயலி என்றால் அங்கேயே நிறுத்திவிடுங்கள். முறையான நிறுவனங்களோடு இணைந்த செயலிகளின் பட்டியல் 2025 ஜூலை முதல் ரிசர்வ் வங்கியின் இணையதளத்தில் இருக்கிறது.

நிறுவனத்திடம் புகார் கொடுத்து 30 நாளில் தீர்வு கிடைக்காவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். 14448 என்ற எண்ணில் தமிழிலேயே பேசி விவரம் கேட்கலாம். கணக்கை மூடும்போது செயலியை அழித்தால் மட்டும் போதாது, கணக்கும் வரம்பும் அப்படியே இருக்கும். பாக்கியை அடைத்து, கணக்கை மூடச் சொல்லி எழுதி, ‘நிலுவை இல்லை’ என்ற சான்றிதழை வாங்குங்கள். தானாகக் கழிக்கும் அனுமதியை வங்கியில் ரத்து செய்யுங்கள். ஓரிரு மாதம் கழித்து, சிபில் போன்ற நிறுவனம் தரும் கடன் அறிக்கையை எடுத்து அந்தக் கணக்கு மூடியதாகப் பதிவாகியிருக்கிறதா என்று பாருங்கள். ஆண்டுக்கு ஒரு முறை அந்த அறிக்கை இலவசம்.