ஒரே தொண்டையில் ஸட்ஜமும் காந்தாரமும்

கற்பனை உலகம் ஒன்றில் புனிதச் சடங்கு நடப்பதாகக் காட்ட வேண்டுமென்றால், சினிமாவில் பல நேரம் ஓர் அடியாழத்து உறுமலைப் பின்னணியில் ஒலிக்க விடுவார்கள். மனிதக் குரலா, மண்ணுக்குக் கீழிருந்து வருகிறதா என்று சொல்ல முடியாத ஓசை. அதைப் படைக்கக் கற்பனையே வேண்டாம். திபெத்திய பௌத்தத்தின் க்யூதோ மடத்துத் துறவிகள் தங்கள் வழிபாட்டில் அப்படித்தான் ஓதுகிறார்கள். 1474இல் தொடங்கிய மடம் அது. 1959க்குப் பிறகு அகதிகளாக இந்தியா வந்தவர்கள் முதலில் இமாசலத்தின் டல்ஹௌசியில் இருந்தார்கள். இப்போது தர்மசாலாவுக்குப் பக்கத்தில் இருக்கிறார்கள்.

டல்ஹௌசியில் இருந்தபோது, 1964இல், ஹஸ்டன் ஸ்மித் என்ற அமெரிக்கத் தத்துவப் பேராசிரியர் அங்கே போனார். அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகமான எம்.ஐ.டி.யில் சமயங்களைப் பற்றிப் பாடம் நடத்திக்கொண்டிருந்தவர். துறவிகள் சேர்ந்து ஓதும்போது பல சுரங்கள் ஒன்றாகக் கேட்டன. ஆளுக்கொரு சுரம் பிடிக்கிறார்கள் என்றுதான் யாருமே நினைப்பார்கள். திடீரென்று மற்றவர்கள் நிறுத்திவிட, ஒருவர் மட்டும் தொடர்ந்தார். அப்போதும் பல சுரங்கள் கேட்டன! ஸ்மித் அதை ஒலிப்பதிவு செய்து எம்.ஐ.டி.க்குக் கொண்டுபோனார். பேச்சொலி ஆராய்ச்சியில் பெரிய பெயரான கென்னத் ஸ்டீவன்ஸ் அதை அலசினார். முடிவுகள் 1967இல் அமெரிக்க ஒலியியல் சங்கத்தின் ஆய்விதழில் வெளிவந்தன.

இதில் இரண்டு வேலைகள் ஒரே நேரத்தில் நடக்கின்றன.

முதலாவது, ஆழம். ஆண்கள் சாதாரணமாகப் பேசும்போது குரல் நாண்கள் நொடிக்கு நூறு முறைக்கு மேல் அதிரும். துறவிகளின் குரலோ ஏறத்தாழ 70 ஹெர்ட்ஸில், அதாவது நொடிக்கு 70 அதிர்வில் ஒலிக்கிறது. குரல் நாண்களுக்குச் சற்று மேலே இன்னொரு ஜோடி மடிப்புகள் நம் எல்லாருக்கும் உண்டு. போலிக் குரல் நாண்கள் என்று பெயர். பேசும்போது அவற்றுக்கு வேலையில்லை. கனமான மூட்டையை மூச்சுப் பிடித்துத் தூக்குகிறோமே, அப்போது தொண்டை இறுக மூடிக்கொள்வதில் அவற்றுக்கும் பங்குண்டு. இந்த ஓதலில் அந்த மடிப்புகளும் கிட்ட நெருங்கி அதிர ஆரம்பிக்கின்றன. குரல் நாண்கள் இரண்டு முறை திறந்து மூடும் நேரத்தில் இவை ஒரு முறைதான் திறந்து மூடுகின்றன. அதனால் ஒன்றுவிட்டு ஒரு காற்றுத் துடிப்பு அமுங்கிப் போகிறது. அலை தன்னைத் திரும்பச் செய்ய இருமடங்கு நேரம் ஆகிறது. நாண்கள் 140 ஹெர்ட்ஸில் அதிர்ந்தாலும் காதுக்குக் கேட்பது 70, அதாவது ஒரு ஸ்தாயி கீழே. மங்கோலியாவை ஒட்டிய ரஷ்யப் பகுதியான துவாவின் நாட்டார் பாடல்களிலும், இத்தாலியின் சார்டினியத் தீவின் நால்வர் பாட்டில் கீழ்க்குரல் பாடுபவரிடமும் இதே நுட்பம் உண்டு.

இரண்டாவது வேலைதான் என்னைச் சொக்க வைக்கிறது. 70 ஹெர்ட்ஸ் குரல் தனியாக வருவதில்லை. அதன் மடங்குகளான 140, 210, 280, 350 என்று சீரிசைகள் வரிசையாகக் கூடவே வருகின்றன. வாயும் தொண்டையும் சேர்ந்த குழல் இவற்றில் சிலவற்றை ஒத்ததிர்வால், அதாவது தன் இயல்பான அதிர்வோடு பொருந்துவதால், பெருக்கும். எதைப் பெருக்குகிறது என்பதை வைத்துத்தான் நாம் ‘ஆ’வையும் ‘ஈ’யையும் பிரித்தறிகிறோம். துறவிகள் உதட்டைக் குவித்து, நாக்கைப் பின்னிழுத்து, ‘ஓ’ போன்ற ஓர் உயிரொலியை அசையாமல் பிடிக்கிறார்கள். அந்த வடிவத்தில் வாயின் முதல் ஒத்ததிர்வு ஐந்தாவது சீரிசையிலும், இரண்டாவது பத்தாவதிலும் போய் உட்காருகிறது. இரண்டும் உரக்க எழுந்து தனிச் சுரங்களாகவே கேட்கின்றன.

ஐந்தாவது சீரிசை என்றால் என்ன சுரம்? அடிச்சுரமான 70ஐ ஸட்ஜம் (‘ஸ’) என்று வைத்துக்கொண்டால், 280 ஹெர்ட்ஸ் என்பது இரண்டு ஸ்தாயி மேலுள்ள ஸட்ஜம். 350 அதற்கு ஒன்றேகால் மடங்கு: அந்தர காந்தாரம் என்ற ‘க’! சுருதி சேர்ந்த தம்பூராவின் மந்தர ஸட்ஜத் தந்தியை மீட்டினால், யாரும் மீட்டாத காந்தாரம் ஒன்று மெல்ல மேலெழுகிறதே, அதே சுரம், அதே இயற்பியல். பத்தாவது சீரிசை அதற்கும் ஒரு ஸ்தாயி மேலே உள்ள காந்தாரம்.

ஆழக் குரலை ஆசிரியர் இல்லாமல் முயல வேண்டாம், தொண்டை புண்ணாகிவிடும். ஆனால் இரண்டாவது வேலையை யாரும் செய்து பார்க்கலாம். குளியலறையில் ஒரே சுருதியில் நின்று, ‘உ’விலிருந்து ‘ஓ’, ‘ஆ’, ‘ஏ’, ‘ஈ’ என்று மிக மெதுவாக நகருங்கள். மேலே மெல்லிய சீட்டி போன்ற சுரங்கள் படியேறுவது கேட்கும்.

துறவிகளின் ஒலிப்பதிவை ஹெட்ஃபோனில் கேட்பது நல்லது. ஃபோனின் சிறிய ஸ்பீக்கரால் 70 ஹெர்ட்ஸை ஒழுங்காக எழுப்ப முடியாது. அப்படியும் ஆழம் கேட்கும். மேலுள்ள சீரிசைகளின் இடைவெளியை வைத்து மூளையே அந்த அடிச்சுரத்தை நிரப்பிக்கொள்கிறது. நேரில் கேட்க நினைப்பவர்கள் இமாசலம் வரை போக வேண்டியதில்லை. இதே போன்ற ஓதல் மரபுள்ள க்யூமே மடம் மைசூருக்கு அருகே ஹுன்சூர் பக்கம் இருக்கிறது.