கட்சிக்காரரின் சம்மதம் வழக்கறிஞருக்குக் கவசம் ஆகாது

விவாகரத்தும் ஜீவனாம்சமும் கேட்டு வரும் பெண், பெற்ற தாயிடம்கூடச் சொல்லாததைத் தன் வழக்கறிஞரிடம் சொல்கிறார். அடிபட்ட நாள், படுக்கையறையில் நடந்தது, அடகுக் கடையில் இருக்கும் நகை, பாஸ்புத்தகத்தில் மிஞ்சிய தொகை என அத்தனையும் சொன்னால்தான் மனு எழுத முடியும். கேஸ் கட்டு வழக்கறிஞரின் அலமாரியில் இருக்கிறது. அடுத்த வாய்தா எப்போது, குழந்தை யாரிடம் இருக்கும் என்பதையெல்லாம் அவர் சொல்லித்தான் அந்தப் பெண் அறிகிறார். அப்படிப்பட்ட கட்சிக்காரர், தன் வழக்கறிஞருடனான பாலுறவுக்குச் சொல்லும் ‘சரி’யைச் சம்மதம் என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

வழக்கை என்னிடம் மாற்றிக்கொண்டு வரும் பெண்கள் நீட்டும் கைபேசிகளில் பழைய வழக்கறிஞரின் குறுஞ்செய்திகளை ஒரே வரிசையில்தான் பார்க்கிறேன். முதலில் வாய்தா தேதி. பிறகு, இரவு பதினொரு மணிக்கு “சாப்பிட்டீர்களா?” கடைசியில், “ஃபீஸைப் பற்றிக் கவலைப்படாதே, நான் பார்த்துக்கொள்கிறேன்.”

இதில் பலர் யோசிக்காத ஆபத்து ஒன்று உண்டு. குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144(4) பிரிவின்படி, பிறன்மனை உறவில் வாழ்ந்துவரும் மனைவி அந்தப் பிரிவின் கீழ் ஜீவனாம்சம் பெற முடியாது. வழக்கறிஞருடன் தொடரும் உறவு எதிர்த்தரப்புக்குத் தெரிந்தால், அதையே எதிருரையில் எழுதுவார்கள். காக்க வந்தவரே வழக்கைக் கெடுத்து, அதில் சாட்சியாகவும் நிற்கும் நிலைக்கு வருகிறார். தானே சாட்சியாக நேரிடும் என்று தெரிந்த வழக்கில் வழக்கறிஞர் ஆஜராகக் கூடாது என்பது வழக்கறிஞர்களை நெறிப்படுத்தும் இந்திய பார் கவுன்சிலின் விதி.

கட்சிக்காரருடன் பாலுறவு கூடாது என்று நம் விதிகளில் நேரடியாக ஒரு வரி இல்லை. அமெரிக்க வழக்கறிஞர் சங்கம் 2002இலேயே தன் மாதிரி விதிகளில் அதைச் சேர்த்தது. வழக்கை ஏற்கும் முன்பே இருந்த உறவுக்கு மட்டும் விலக்கு. நமக்கும் அப்படியொரு வரி வேண்டும். உண்மையிலேயே அன்பு ஏற்பட்டுவிட்டது என்றால், முதலில் வக்காலத்தை வேறொருவரிடம் ஒப்படைக்கட்டும்.

அதற்காக இன்று சட்டம் கைகட்டி நிற்கிறது என்று பொருளில்லை. கட்சிக்காரர் வைத்த நம்பிக்கையைத் தவறாகப் பயன்படுத்தக் கூடாது என்கிறது 24ஆவது நடத்தை விதி. வழக்கறிஞர்கள் சட்டம் 1961இன் 35ஆவது பிரிவின் கீழ் மாநில பார் கவுன்சிலில் புகார் தரலாம். கண்டனம், தொழில் செய்யத் தற்காலிகத் தடை, பதிவேட்டிலிருந்து பெயர் நீக்கம் வரை தண்டனை உண்டு. ஓராண்டுக்குள் விசாரணை முடியாவிட்டால் அது இந்திய பார் கவுன்சிலுக்குப் போகும். இது தவிர, நம்பிக்கைப் பொறுப்பில் இருப்பவர் அதைப் பயன்படுத்தித் தன் காவலிலோ பொறுப்பிலோ தன் இடத்திலோ உள்ள பெண்ணை உறவுக்கு இணங்கவைத்தால், குற்றங்களுக்கான தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 68ஆவது பிரிவில் 5 முதல் 10 ஆண்டு வரை கடுங்காவல் தண்டனை இருக்கிறது.

“கேஸ் கட்டு அவரிடம் மாட்டிக்கொண்டிருக்கிறதே மேடம்” என்பதுதான் நான் அதிகம் கேட்கும் பயம். ஃபீஸ் பாக்கி என்று சொல்லிக்கூடக் கட்டைப் பிடித்துவைக்க வழக்கறிஞருக்கு உரிமை இல்லை என்று ஆர்.டி. சக்சேனா வழக்கில் 2000இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. வக்காலத்தை மாற்ற அவர் ஆட்சேபணையின்மை எழுதித் தர மறுத்தால், நீதிமன்றத்திலேயே அனுமதி கேட்கலாம். குறுஞ்செய்திகளை மட்டும் தயவுசெய்து அழித்துவிடாதீர்கள்.

புகார் போன மறுவாரமே சமாதானம் பேச ஆள் வருவார்கள். சக வழக்கறிஞர்களும் வருவார்கள். மனம் சோர்ந்து நீங்கள் கையெழுத்துப் போட்டுவிட்டாலும், புகார் திரும்பப் பெறப்பட்டது, சமரசம் ஆகிவிட்டது என்ற காரணத்துக்காக மட்டும் ஒழுங்கு விசாரணையைக் கைவிடக் கூடாது என்று பார் கவுன்சில் விதி சொல்கிறது. அதை எழுத்தில் சுட்டிக்காட்டி, விசாரணையைத் தொடரும்படி கேளுங்கள்.