மண்ணுக்கும் ஒரு தாளம் உண்டு

“ஏனுங்க சார், நிலம் குலுங்குனது கடலோரத்துல. முந்நூத்தம்பது கிலோமீட்டர் தள்ளியிருக்கிற ஊருல கட்டடம் எப்படிங்க விழும்?” கோயம்புத்தூருக்குப் பக்கத்துக் கொழிஞ்சாம்பாறைக் கொத்தனார் ஒருவர் மெக்சிகோ நகரத்தைப் பற்றி இப்படிக் கேட்டார்.

1985 செப்டம்பர் 19, காலை 7.17. பசிபிக் கரையில் 8 அளவில் நிலநடுக்கம். மெக்சிகோ நகரத்தில் நானூறுக்கும் மேற்பட்ட கட்டடங்கள் சரிந்து, ஆயிரக்கணக்கானோர் இறந்தார்கள். பூமியின் தட்டுகள் உரசி அலை கிளம்புவது பள்ளியில் படித்ததுதான். அலை போய்ச் சேர்ந்த மண்ணில்தான் விஷயம் இருக்கிறது.

அந்நகரத்தின் நடுப்பகுதி டெஸ்கோகோ ஏரி வற்றிய இடம். அடியில் பல மீட்டர் ஆழத்துக்கு நீர் ஊறிய களிமண். பாறையில் விரைந்து வரும் அலை களியில் நுழைந்ததும் வேகம் குறையும், வீச்சு பெருகும். ஏரிப் படுகையில் பதிவான அதிர்ச்சி, பாறைமேட்டில் பதிவானதைப்போல் சுமார் ஐந்து மடங்கு. அதோடு அந்தக் களி ஒரே தாளத்தில் ஆடியது, ஓர் ஆட்டத்துக்கு 2 நொடி என்று.

இதைக் கையால் செய்து பார்த்தால்தான் சுகம். சீமாற்றிலிருந்து மூன்று ஈர்க்குச்சிகளை உருவி, நீளம், நடுத்தரம், குட்டை என்று நறுக்கி, நுனியில் களிமண் உருண்டை ஒட்டி, வாழைத்தண்டில் வரிசையாகக் குத்துங்கள். தண்டை மெல்ல ஆட்டினால் நீளக்குச்சி மட்டும் பேயாட்டம் போடும், மற்ற இரண்டும் சும்மா நிற்கும். வேகம் கூட்டினால் அது அடங்கி நடுக்குச்சி கிளம்பும். இன்னும் கூட்டினால் குட்டை. கொத்தனார் பத்து நிமிடம் தண்டைக் கீழே வைக்கவே இல்லை.

கட்டடமும் குச்சிதான். பத்து மாடிக் கட்டடம் ஒரு முறை ஆட ஒரு நொடி என்பது தோராயக் கணக்கு. அப்படியானால் 2 நொடித் தாளத்துக்கு இருபது மாடிகள் அல்லவா விழ வேண்டும்? அதிகம் விழுந்தவை ஆறு முதல் பதினைந்து மாடி வரை. எனக்கு மிகப் பிடித்த இடம் இது. முதல் ஆட்டத்தில் தூண் விரிசல் விடும். விரிசல் விட்ட கட்டடம் தளர்ந்து இன்னும் மெதுவாக ஆடும். அந்த மெதுவே அதைக் களிமண்ணின் தாளத்துக்கு அருகே இழுத்துப்போகும், ஆட்டம் பெருகும், விரிசலும் பெருகும். 1956-ல் கட்டிய 44 மாடி லத்தீனோஅமெரிக்கானா கோபுரத்தின் தாளம் 2 நொடியைத் தாண்டியது. அடியில் கெட்டியான அடுக்குவரை பைல் என்னும் ஆழத்தூண்களை இறக்கியிருந்தார்கள். அது நின்றது.

2017-லும் 2022-லும் அதே செப்டம்பர் 19-ல் அங்கே நிலம் நடுங்கியதால், தேதியிலேயே தோஷம் என்கிறார்கள். தேதிக்கு எந்தப் பழியும் இல்லை. தோஷக் கணக்குக்குச் செலவழிக்கும் பணத்தில் கொஞ்சம் ஊருக்கு ஊர் மண் வரைபடம் தயாரிக்கப் போகட்டும் என்று ஏங்குகிறேன். 1900 பிப்ரவரி 8-ல் கோயம்புத்தூர்ப் பக்கம் சுமார் 6 அளவில் நடுங்கியது. அன்று இங்கே அடுக்குமாடிகள் இல்லை. இன்றோ நெல்வயலில் கிராவல் கொட்டி வீடு எழுப்புகிறோம்.

மென்மண் ஆழம் குறையக் குறைய அதன் தாளம் வேகமாகும், அப்போது மாட்டுவது குட்டைக் கட்டடம். இதைச் சொன்னதும் கொத்தனார் குட்டைக்குச்சியைத் தொட்டார். இப்போது அவர் எழுப்புவது இரண்டு மாடி வீடு. கிணறு வெட்டியபோது பதினைந்து அடிவரை கரிசலாம். “பாறை தட்டுற ஆழத்த இன்ஜினீயர்கிட்டச் சொல்லவே இல்லீங்க” என்றபடி போனை எடுத்தார்.