ஆயுதப்படைத் தீர்ப்பாயம்: யார் போகலாம், எப்போது போகலாம்?

பென்ஷன் மறுப்பு, பதவி உயர்வில் விடுபட்டது, கோர்ட் மார்ஷல் (ராணுவ நீதிமன்றம்) கொடுத்த தண்டனை என்று எதுவானாலும் ராணுவத்தினர் முன்பெல்லாம் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டுவிட்டு வருஷக்கணக்கில் காத்திருந்தார்கள். அதற்கு மாற்றாக 2007-இல் தனிச் சட்டம் வந்தது. 2009 ஆகஸ்டில் ஆயுதப்படைத் தீர்ப்பாயம் இயங்கத் தொடங்கியது. முதன்மை அமர்வு டெல்லியில் இருக்கிறது. சென்னை, கொச்சி உட்படப் பல ஊர்களில் வட்டார அமர்வுகள் உண்டு. ஒரு நீதிபதியோடு, படையில் உயர் பதவி வகித்த ஓர் அதிகாரியும் சேர்ந்து விசாரிப்பார். ரெக்கார்ட் ஆபீஸ் (படையினரின் பணிப் பதிவேடுகளை வைத்திருக்கும் அலுவலகம்) என்றால் என்ன என்று அங்கே யாருக்கும் பாடம் எடுக்க வேண்டியதில்லை!

தரைப்படை, கடற்படை, விமானப்படையில் இருப்பவர்களும் ஓய்வு பெற்றவர்களும் போகலாம். இறந்துபோனவரின் மனைவியோ வாரிசோ பென்ஷனுக்காகப் போகலாம். சி.ஆர்.பி.எஃப்., பி.எஸ்.எஃப். போன்ற துணை ராணுவப் படையினருக்கு இங்கே இடமில்லை. அவர்களுக்கு உயர் நீதிமன்றம்தான். பலர் குழம்புவது இதில்தான். சாதாரண இடமாற்றம், லீவு விவகாரங்களையும் தீர்ப்பாயம் எடுக்காது.

நேராகப் போய் நின்றால் பொதுவாகத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். முதலில் துறைக்குள்ளேயே முறையீடு செய்திருக்க வேண்டும். இறுதி உத்தரவு வந்தால், அந்தத் தேதியிலிருந்து 6 மாதத்துக்குள் தீர்ப்பாயத்தில் மனு போட வேண்டும். பதிலே வரவில்லையா? முறையீடு கொடுத்து 6 மாதம் முடிந்ததும் போகலாம். அதனால் முறையீட்டைப் பதிவுத் தபாலில் அனுப்பி, ரசீதைப் பத்திரமாக வையுங்கள். 'போன்ல சொல்லிட்டேன் சார்' என்பதெல்லாம் கணக்கில் வராது. தாமதத்துக்குத் தக்க காரணம் இருந்தால் மன்னிக்கத் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் உண்டு. பென்ஷன் மாதாமாதம் தொடரும் உரிமை என்பதால், தாமதமானாலும் வழக்கு பெரும்பாலும் நிற்கும். ஆனால் நிலுவைத் தொகை பொதுவாக மனு போட்டதற்கு முந்தைய 3 வருஷத்துக்கு மட்டுமே கிடைக்கும். 2008-இல் உச்ச நீதிமன்றம் தர்செம் சிங் வழக்கில் சொன்னது அது. தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் கைக்காசு போகிறது.

இங்கே அடிக்கடி வருவது டிஸ்எபிலிட்டி பென்ஷன் (பணியால் வந்த நோய், ஊனத்துக்கான பென்ஷன்) வழக்கு. 'இந்த நோய் பணியால் வந்ததல்ல, பணியால் கூடியதும் அல்ல' என்று மெடிக்கல் போர்டு எழுதிவிட்டால் அந்தப் பென்ஷன் போச்சு. 2013-இல் தரம்வீர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் திருப்பிப் போட்டது. படையில் சேரும்போது நோய் பற்றிய குறிப்பு எதுவும் இல்லை என்றால், பிறகு வந்தது பணியால் வந்தது என்றே பொதுவாகக் கொள்ள வேண்டும். இல்லை என்று நிரூபிப்பது அரசின் பொறுப்பு. 2023 செப்டம்பரில் இந்தப் பென்ஷனுக்குப் புது விதிகள் வந்திருப்பதால், நீங்கள் படையிலிருந்து வெளியே வந்த தேதியை வக்கீலிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

தீர்ப்பாயத்திலும் தோற்றால்? உச்ச நீதிமன்றம் போக அனுமதி வாங்க வேண்டும். பொது முக்கியத்துவமுள்ள சட்டக் கேள்வி இருந்தால்தான் கிடைக்கும். சாதாரண சிப்பாய்க்கு அது எட்டாத கொம்புத்தேன். உயர் நீதிமன்றக் கதவு மூடியதாகவே உச்ச நீதிமன்றத்தின் 2015 தீர்ப்புக்குப் பிறகு பலரும் நினைத்தார்கள். 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றமே அதைத் திறந்துவிட்டது: தீர்ப்பாய உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம்.

சரி, கையில் என்ன வேண்டும்? டிஸ்சார்ஜ் புக், பி.பி.ஓ. (பென்ஷன் வழங்கும் உத்தரவு), மெடிக்கல் போர்டு அறிக்கை, முறையீட்டு நகல். அறிக்கை இல்லை என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் ரெக்கார்ட் ஆபீசுக்கு எழுதிக் கேளுங்கள்.